பூந்தமல்லியை அடுத்து ஒரு தாராவி

பெங்களூரு நெடுஞ்சாலையில் பூந்தமல்லியைத் தாண்டினால் செம்பரம்பாக்கம். பொழுதுபோக்குப் பூங்காவாகத் தொடங்கிய இ.வி.பி. வளாகம் இன்று தமிழ் சினிமாவின் முக்கியமான படப்பிடிப்புத் தளம். பா. ரஞ்சித்தின் ‘காலா’ (2018) படத்துக்காகக் கலை இயக்குநர் ராமலிங்கம் மும்பையின் தாராவிக் குடிசைப் பகுதியைச் செட்டாக எழுப்பியது இங்கேதான்.

தாராவி சென்னைக்கு வந்தது அது முதல் தடவை அல்ல. 1987இல் மணிரத்னத்தின் ‘நாயகன்’ படத்துக்காகத் தோட்டா தரணி வீனஸ் ஸ்டூடியோவுக்குள் ஒரு தாராவியைக் கட்டினார். அதற்காக அவருக்குத் தேசிய விருது கிடைத்தது. இரண்டு படங்களுக்கும் இடையே 31 ஆண்டுகள். அதற்குள் நகரின் பெரிய ஸ்டூடியோக்கள் பல மறைந்துவிட்டன. வாகினி இருந்த வடபழனி மண்ணில் இன்று ஹோட்டலும் மாலும் நிற்கின்றன. பெரிய செட்டுக்கு இடம் தேடியவர்கள் மேற்கே நகர்ந்தார்கள்.

அரண்மனை செட்டைத்தான் ரசிகர்கள் அண்ணாந்து பார்க்கிறார்கள். ஆனால் கலை இயக்குநரை உண்மையில் சோதிப்பது குடிசைப் பகுதிதான். அரண்மனைத் தூணுக்கு ஒரு மோல்டு செய்தால் போதும். பிளாஸ்டர் ஆஃப் பாரிஸிலோ ஃபைபரிலோ நாற்பது தூண்களை வார்த்துவிடலாம். சேரியில் எந்தச் சுவரும் இன்னொன்றைப் போல இருக்காது. அடுப்பு எங்கே இருக்கிறதோ அங்கேதான் கரி படியும், அதுவும் புகை எழும் உயரம் வரைதான். குழாயடியில் பாசி வேண்டும். தகரத்தில் துரு மழைநீர் வழிந்த தடத்திலேயே இறங்க வேண்டும். சந்து நெருக்கமாகத் தெரியவும் வேண்டும், கேமராவும் ட்ராலியும் நுழையவும் வேண்டும். அதனால் சில சுவர்களைக் கழற்றி மாட்டும்படி அமைப்பார்கள். தச்சர் நேற்று அடித்த பிளைவுட்டுக்குப் பெயின்டர் இன்று இருபது வயது கூட்டிக் காட்டுகிறார். அங்கே ஒரு குடும்பம் பல காலம் வாழ்ந்திருக்கிறது என்று நம்மை நம்பவைப்பது அந்தக் கைதான்.

1939இல் ஹாலிவுட்டில் ‘கான் வித் த விண்ட்’ படத்துக்கு வில்லியம் கேமரான் மென்சீஸ் செய்த பணியைக் குறிக்கவே ‘புரொடக்‌ஷன் டிசைனர்’ என்ற பட்டம் பிறந்தது. படம் முழுவதன் நிறத்தையும் தோற்றத்தையும் முன்கூட்டியே வரைந்து தீர்மானிப்பவரே அந்த டிசைனர். தமிழில் அந்தப் பெயர் தாமதமாகத்தான் வந்தது. வேலை அதற்கு வெகு முன்பே நடந்துகொண்டிருந்தது: 1948இல் ‘சந்திரலேகா’வின் பிரம்மாண்டத்தை உருவாக்கியவர் ஏ.கே. சேகர்.

இத்துறைக்குள் வர நேர்வழி என்று ஒன்றில்லை. தரணிக்குத் தந்தை தோட்டா வெங்கடேஸ்வர ராவே முதல் பள்ளி. பிறகு எழும்பூர் ஓவியக் கல்லூரி. ‘எந்திரன்’ (2010) படத்துக்குத் தேசிய விருது பெற்ற சாபு சிரிலும் அதே கல்லூரியில் படித்தவர். மற்றவர்கள் உதவியாளராகச் சேர்ந்து, ஸ்கெட்ச், தரை வரைபடம், மாதிரி வடிவம், பிராப்பர்ட்டி பட்டியல் என்று ஆண்டுக்கணக்கில் கற்கிறார்கள். கணினியில் முப்பரிமாண மாதிரி செய்யத் தெரிந்தவர்களுக்கு இப்போது மதிப்பு அதிகம். ஆனால் மரத்தின் கனமும் ஆணியின் பிடிமானமும் தெரியாமல் வரைந்த செட் தளத்தில் நிற்காது.

ஆபத்தும் இந்தத் தொழிலோடு சேர்ந்தே இருக்கிறது. 2020 பிப்ரவரி 19 இரவு, இதே இ.வி.பி. வளாகத்தில் ‘இந்தியன் 2’ படப்பிடிப்பின்போது கிரேன் சரிந்து மூவர் இறந்தனர். உயரத்தில், இரவில், பாரம் தூக்கி வேலை செய்பவர்களின் பாதுகாப்பும் பட்ஜெட்டில் முதல் வரியாக இடம்பெற வேண்டும்.

பூந்தமல்லி அருகே சுமார் 150 ஏக்கரில், 500 கோடி ரூபாயில் நவீனத் திரைப்பட நகரம் அமைக்கப்படும் என்று 2024இல் தமிழக அரசு அறிவித்தது. 1996 முதல் இயங்கும் ஹைதராபாத் ராமோஜி நகரம் 1,600 ஏக்கருக்கும் மேல். பரப்பில் அதோடு போட்டியிட முடியாது. வேறொன்றில் முந்தலாம். புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கெனத் தனிப் படிப்பு உண்டு. பூந்தமல்லியிலும் அப்படியொன்றைத் தொடங்கி, பழைய செட்களின் வரைபடங்களையும் மாதிரிகளையும் அங்கேயே சேகரித்து வைத்தால், அம்பத்தூர், ஆவடிப் பிள்ளைகள் பேருந்தில் போய்ப் படித்துவரலாம்.