ஹாரி ரைட்: கோப்பைகளைக் கழித்துப் பார்த்தால்

ஹாரி ரைட்டைத் தொழில்முறை பேஸ்பாலின் தந்தை என்று சொல்பவர்கள் முதலில் கைகாட்டுவது 1869ஐ. அந்த ஆண்டு அவர் சென்டர் ஃபீல்டில் நின்றபடியே நடத்திய சின்சினாட்டி ரெட் ஸ்டாக்கிங்ஸ் அணி 57 வெற்றிகளைக் குவித்தது, தோல்வியே இல்லை. ஆனால் எதிரே நின்றவர்கள் யார்? ரைட்டின் ஆட்கள் எல்லோரும் வெளிப்படையாகச் சம்பளம் வாங்கி, பருவம் முழுக்கப் பயிற்சி எடுத்தவர்கள். எதிரணிகளில் பலவும் பொழுதுபோக்காக ஆடிய உள்ளூர்க் கழகங்கள். பலமான நியூயார்க் மியூச்சுவல்ஸ் வந்தபோது ஆட்டம் 4–2 என்று இறுகிவிட்டது. டிராய் அணியுடன் 17–17 என்று சமநிலையில் இருக்கும்போதே தகராறு மூண்டு, டிராய் ஆட்கள் களத்தை விட்டு வெளியேறினார்கள். 57 என்ற எண்ணை நான் பாதி மதிப்புக்குத்தான் எடுத்துக்கொள்வேன்.

எனக்கு அதைவிடப் பெரிதாகத் தெரிவது அந்தத் தொடர் வெற்றி முறிந்த நாள். 1870 ஜூன் 14, புரூக்ளின். ஒன்பது இன்னிங்ஸ் முடிவில் 5–5. உள்ளூர் அட்லாண்டிக்ஸ் அணிக்கு டிரா போதும். கூட்டம் களத்துக்குள் இறங்கிவிட்டது. ரைட்டும் தலையாட்டியிருந்தால் தோல்வி காணாத அணி என்ற பெயர் அப்படியே நின்றிருக்கும். அவரோ விதிகளில் கரைகண்ட ஹென்றி சாட்விக்கிடம் போய், ஆட்டம் தொடர வேண்டும் என்று தீர்ப்பு வாங்கி வந்தார். பதினோராவது இன்னிங்ஸில் சின்சினாட்டி 2 ரன் எடுத்தது, அட்லாண்டிக்ஸ் 3 எடுத்தது. 8–7. பிடிவாதம் என்று சிலர் சொல்லலாம். காசு கொடுத்து வந்தவனுக்கு முடிவு தெரிய வேண்டும் என்று நினைத்த ஒருவரின் செயலாகத்தான் எனக்குப் படுகிறது.

ஆட்டக்காரராக அவரை அளப்பது கடினம். இங்கிலாந்தின் ஷெஃபீல்டில் 1835இல் பிறந்தவர். அப்பா நியூயார்க்கில் கிரிக்கெட் பயிற்சியாளர். சின்சினாட்டிக்கு இவர் போனதே கிரிக்கெட் வேலைக்குத்தான். முதல் தொழில்முறை லீக் 1871இல் தொடங்கியபோது வயது 36. நல்ல காலம் கடந்துவிட்டது. வேகப்பந்தில் பழகிய மட்டையாளர்களைத் திணறடிக்க, வெளிக்களத்திலிருந்து வந்து மெதுவான பந்து போடுவார். தந்திரசாலி, சரி. ஆனால் ஷார்ட்ஸ்டாப்பில் நின்ற தம்பி ஜார்ஜின் தரம் இவரிடம் இல்லை. 1869 சம்பளப் பட்டியலே அதற்குச் சாட்சி: தம்பிக்கு 1,400 டாலர், அணியை நடத்திய அண்ணனுக்கு 1,200. அந்தப் பட்டியலைப் போட்டவர்களுக்கு ஆட்டம் தெரிந்திருக்கிறது.

அந்த லீக்கில் ரைட் நடத்தியது பாஸ்டன் அணியை. அங்கே 1872 முதல் 1875 வரை தொடர்ந்து நான்கு பட்டங்கள். கடைசி ஆண்டில் 71 வெற்றி, 8 தோல்வி. இதிலும் கழிக்க வேண்டியது உண்டு. நல்ல ஆட்டக்காரர்கள் ஓரிடத்தில் குவிந்தால் மற்ற ஊர்களில் யார் டிக்கெட் வாங்குவார்கள்? அந்த லீக் 1875உடன் முடிந்துபோனதற்கு சூதாட்டமும் கட்டுப்பாடின்மையும் காரணம் என்பார்கள். பாஸ்டனின் ஆதிக்கத்துக்கும் அதில் பங்கு உண்டு. அடுத்த ஆண்டு பந்துவீச்சாளர் ஸ்பால்டிங் உட்பட நான்கு பேரை சிகாகோ கொத்திக்கொண்டு போக, புதிய லீக்கில் பாஸ்டன் நான்காம் இடத்துக்கு இறங்கியது. 1877இல் மீண்டும் பட்டம். ஆனால் அது முன்னணியில் இருந்த லூயிவில் அணியில் சிலர் காசு வாங்கிக்கொண்டு தோற்ற ஆண்டு. நால்வருக்கு ஆயுள் தடை. 1878 பட்டத்தில்தான் குறை சொல்ல எதுவும் இல்லை. 1879இல் பிராவிடன்ஸை வழிநடத்தி அண்ணனை வென்றவர் தம்பி ஜார்ஜ்!

பட்டம் ஒன்றுமே தராத பிலடெல்பியாவில்தான் அவருடைய வேலைத்திறன் தெளிவாகத் தெரிகிறது. 1883இல் 17 வெற்றி, 81 தோல்வி என்று கிடந்த அணி. 1884இல் ரைட் பொறுப்பேற்றார். 1887இல் 75–48, இரண்டாம் இடம். கையில் நட்சத்திரக் கூட்டம் இல்லை. பயிற்சி, ஒழுங்கு, ஒருவர் பந்தைத் தவறவிட்டால் பின்னால் இன்னொருவர் நிற்கும் பழக்கம், இவைதான் இருந்தன. 1890இல் சில மாதங்கள் பார்வையே போயிற்று. 1893க்குப் பிறகு ஒப்பந்தத்தை நிர்வாகம் புதுப்பிக்கவில்லை.

எதிரணிகளுக்குக் கடிதம் எழுதித் தேதி குறிப்பது, வசூல் பங்கு பேசுவது, மைதானத்தைப் பராமரிப்பது, கணக்கு எழுதுவது: இன்று ஓர் அலுவலகமே செய்யும் வேலையை அந்த ஒரே மனிதர் செய்தார். 1874இல் இரண்டு அணிகளை இங்கிலாந்துக்குக் கூட்டிப்போனதும் அந்தத் துணிச்சலில்தான். அங்கே கிரிக்கெட்டிலும் அமெரிக்கர்கள் தோற்கவில்லை. 18 பேராக இறங்கினார்கள் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். பயணம் நஷ்டம்.

ஆகவே என் தீர்ப்பு: ஆட்டக்காரராக இரண்டாம் வரிசை, பட்டம் வென்றவராக, சொல்லப்படுவதைவிட ஒரு படி கீழே, அணியைக் கட்டி நடத்தியவராக அவர் காலத்தில் அவருக்கு இணை இல்லை. ஹால் ஆஃப் ஃபேம் தம்பியை 1937இலேயே சேர்த்துக்கொண்டது. அண்ணனை 1953 வரை காக்க வைத்தது. அந்த வரிசை தவறு.