கடனும் குருதியும்: அமெரிக்க மத்திய மேற்குக் கிராமங்களின் உண்மைக் கதைகள் பற்றிய ஒரு நோக்கு

ஒரு கதை உண்மையில் நிகழ்ந்தது என்பது அக்கதைக்கு எத்தகைய தகுதியை அளிக்கின்றது? நாளும் இடமும் மாந்தர் பெயரும் பிழையின்றி அமைந்துவிட்டால், அந்நூல் வாழ்வின் உண்மையைக் கூறிவிட்டதாகக் கொள்ளலாமா? சிறுகதை, நாவல் ஆகியவற்றில் யதார்த்தம் பற்றி நாம் நிறையவே விவாதித்துள்ளோம். ஆயின் புனைவை அறவே விலக்கி, நடந்ததையே கூறுகின்றோம் என்ற உரிமையுடன் எழும் எழுத்துக்களை அதே உரைகல்லில் உரைத்துப் பார்க்க நாம் பெரிதும் முற்படுவதில்லை. அமெரிக்காவின் மத்திய மேற்குக் கிராமப்புறங்களில் நிகழ்ந்த குற்றங்களையும், அங்குள்ளோர் பட்ட இடர்களையும், அவற்றினூடே அவர்கள் பிழைத்திருந்த வகையையும் பொருளாகக் கொண்ட சில நூல்களை அவ்வாறு நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இந்நூல்களின் சமூகப் பகைப்புலத்தை முதலில் மனங்கொள்ளுதல் வேண்டும். 1862 ஆம் ஆண்டின் குடியேற்றச் சட்டம், ஐந்தாண்டு தங்கிப் பயிர் செய்வோருக்கு 160 ஏக்கர் நிலத்தை உரிமையாக்க வழிசெய்தது. அந்நிலம் அங்கு வாழ்ந்த பூர்வீகக் குடிகளிடமிருந்து பறிக்கப்பட்டது என்பது வேறாக விரித்துரைக்கத்தக்க வரலாறு. குடியேறியவனுக்கு நிலம் ஏறக்குறைய இலவசமாகக் கிடைத்தது. ஆனால் கலப்பையும் விதையும் வேலிக்கம்பியும், விளைந்த தானியத்தைச் சந்தைக்குக் கொண்டு செல்லும் புகையிரதமும் இலவசமல்ல. அவற்றுக்காக அவன் கடன்பட்டான். கடனுக்கு நிலத்தை ஈடு வைத்தான். 1893 ஆம் ஆண்டின் நிதி நெருக்கடி, 1930களின் பெருமந்தமும் புழுதிப் புயல்களும், 1980களின் விவசாய நெருக்கடி ஆகிய ஒவ்வொன்றிலும் ஈடு மீட்க முடியாத குடும்பங்கள் நிலத்தை இழந்தன. சுதந்திரமான உழவன் என்பது அந்நாட்டின் பெருமைக்குரிய படிமம். கடனாளி என்பதே அவ்வுழவனின் அன்றாட நிலை. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள முரண்பாட்டை ஒரு நூல் எவ்வளவுக்குக் கண்டுகொள்கின்றது என்பதே அதன் உண்மையை அளக்கும் கோல் என்பது இக்கட்டுரையாளனின் கருத்து.

இவ்வகை எழுத்துக்களுள் மிகுந்த புகழ் பெற்றது ட்ரூமன் கபோட்டியின் ‘இன் கோல்ட் பிளட்’ ஆகும். 1965 இல் ‘நியூ யோர்க்கர்’ சஞ்சிகையில் நான்கு பகுதிகளாக வெளிவந்து 1966 இல் நூலுருப் பெற்றது. 1959 நவம்பர் 15 ஆம் திகதி அதிகாலையில், கன்சாஸ் மாநிலத்து ஹொல்கம் என்னும் சிற்றூரில் ஹேர்பேட் கிளட்டர் என்ற செல்வந்த விவசாயியும் அவர் மனைவியும் பதின்ம வயதினரான மகளும் மகனும் சுட்டுக் கொல்லப்பட்டனர். கொலையாளிகளான ரிச்சர்ட் ஹிக்கொக், பெரி ஸ்மித் இருவரும் 1965 ஏப்ரல் 14 இல் தூக்கிலிடப்பட்டனர். இதனைக் கபோட்டி ‘புனைவற்ற நாவல்’ என்று வகைப்படுத்தினார். கொலையுண்டோரின் இறுதி நாளையும் கொலையாளிகளின் பயணத்தையும் மாறிமாறிக் கூறிச் செல்லும் அவரது முறை, முடிவை முன்பே அறிந்த வாசகனையும் நெஞ்சு படபடக்க வைக்கின்றது. பெரி ஸ்மித்தின் சிதைந்த பிள்ளைப்பருவத்தை அவர் கூறும் பகுதி, குற்றவாளியையும் மனிதனாகக் காணவைத்த சாதனையாகும். இவற்றை மறுப்பதற்கில்லை.

ஆயினும் அக்கொலையின் மையத்திலுள்ள ஒரு விடயத்தைக் கபோட்டி காட்டிவிட்டு, அதன் பொருளை ஆராயாமலே கடந்து செல்கின்றார். கிளட்டர் வீட்டிற் பணம் நிறைந்த இரும்புப் பெட்டகம் ஒன்று உண்டு என்ற நம்பிக்கையே கொலையாளிகளை அங்கு கொண்டுவந்தது. அந்நம்பிக்கையைச் சிறையில் ஹிக்கொக்கின் மனதில் விதைத்தவன், முன்னர் கிளட்டரின் பண்ணையிற் கூலியாளாக இருந்தவன். ஆனால் அவ்வீட்டில் அத்தகைய பெட்டகம் எதுவும் இருக்கவில்லை. கையிற் காசு வைத்திராது எல்லாவற்றுக்கும் காசோலை எழுதுபவர் கிளட்டர் என்பதை ஊரே அறிந்திருந்தது. கொலைக்கு முந்திய பகலிற்கூட ஆயுட்காப்புறுதிக்கான காசோலையொன்றில் அவர் ஒப்பமிட்டிருந்தார். நான்கு உயிர்களுக்கு ஈடாகக் கொலையாளிகள் பெற்றது ஐம்பது டொலருக்கும் குறைவான தொகையே.

இது வெறும் விதியின் விளையாட்டன்று. கூலியாளின் வாழ்வில் பணம் என்பது கையில் எண்ணிப் பெறும் காசு. எனவே பெருஞ்செல்வம் என்பது பெரிய பெட்டியில் அடைத்து வைத்த பெருங்காசாகவே அவனுக்குத் தோன்றியது. கிளட்டரின் செல்வமோ நிலத்திலும் கோதுமையிலும், வங்கி அவர்மீது கொண்டிருந்த நம்பிக்கையிலும் இருந்தது. ஐசனோவர் ஆட்சியில் மத்திய விவசாயக் கடன் சபையின் உறுப்பினராக நியமிக்கப்பட்டவர் அவர். மறுபுறத்தில் ஹிக்கொக்கோ பணமில்லாக் காசோலைகளை எழுதிக் கடைக்காரரை ஏமாற்றுவதிற் கைதேர்ந்தவன். கொலைக்குப் பின்னர் அவர்கள் மெக்சிக்கோ சென்றதும் அவ்வழியிற் பெற்ற பணத்தாலேயே. ஒருவரின் ஒப்பம் செல்லுபடியாகின்றது, மற்றவனின் ஒப்பம் குற்றமாகின்றது. இரு வர்க்கங்களும் சந்திக்கும் இடம் இதுவே. இத்தகவல்கள் யாவும் கபோட்டியின் நூலிலேயே உள்ளன. ஆனால் அவரோ அமைதியான கிராமத்தினுள் வெளியிலிருந்து புகுந்த கொடுமை என்ற சட்டத்துள் கதையை அடக்கிவிடுகின்றார். ஹிக்கொக்கும் அதே கன்சாஸ் மாநிலத்தின் ஏழை விவசாயக் குடும்பமொன்றின் பிள்ளை என்பது அச்சட்டத்துள் மங்கிப் போகின்றது.

கபோட்டியின் ‘உண்மை’ வேறொரு வகையிலும் கேள்விக்குரியது. நூலின் இறுதியில், புலனாய்வு அதிகாரி டூவி மயானத்தில் கொலையுண்ட சிறுமியின் தோழியைச் சந்திக்கும் காட்சி வருகின்றது. வாசகனுக்கு ஆறுதல் அளிக்கும் அக்காட்சி கபோட்டியின் கற்பனை என்பதை ஜெரால்ட் கிளார்க் 1988 இல் வெளியிட்ட வாழ்க்கை வரலாறு எடுத்துக்காட்டியது. எஞ்சியிருந்த மூத்த புதல்வியர், தம் குடும்பத்தை, சிறப்பாகத் தம் தாயாரை, நூல் திரித்துக் காட்டியதாக வருந்தியுள்ளனர். நாவலாசிரியன் தான் படைத்த பாத்திரத்துக்குத் தவறிழைத்தால் அது கலைக்குறை. நடந்ததை எழுதுபவன் அவ்வாறு செய்தால் அது உயிரோடிருப்பவருக்கு இழைக்கும் அநீதி. இவ்வேறுபாட்டை விமர்சகர் மறத்தல் ஆகாது.

கபோட்டிக்கு நேர்மாறான முறையைக் கையாண்டவர் மைக்கல் லெசி. 1973 இல் வெளிவந்த ‘விஸ்கொன்சின் டெத் ட்ரிப்’ என்னும் அவரது நூலின் பக்கங்களுக்கு எண்களே இல்லை. பிளாக் றிவர் ஃபோல்ஸ் என்னும் சிறுநகரில் சார்ள்ஸ் வான் ஷைக் என்ற படப்பிடிப்பாளர் எடுத்த கண்ணாடித் தகட்டுப் படங்களையும், பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதிக்கால உள்ளூர்ப் பத்திரிகைச் செய்திகளையும் அவர் அடுத்தடுத்து நிரைப்படுத்தியுள்ளார். தற்கொலை, தீவைப்பு, ஒரே வீட்டுப் பிள்ளைகளை ஒருவர் பின் ஒருவராகக் கொண்டுசென்ற தொண்டை நோய், மனநோய் விடுதிக்கு அனுப்பப்பட்டோர், ஊரூராகச் சென்று கண்ணாடி யன்னல்களை உடைத்த ஒரு பெண் என இரண்டு மூன்று வரிச் செய்திகள் தொடர்ந்து செல்கின்றன. நாட்டுப்புற வாழ்வு பற்றிய இனிய மாயையை இந்நூலைப் போல் உடைத்தெறிந்தவை சிலவே.

எனினும் தொகுப்பும் ஒருவகைப் புனைவே. வங்கிகள் மூடப்பட்டதும் தொழிலற்றோர் அலைந்ததும் அச்செய்திகளுக்கிடையே இருந்தும், ஏனைய பயங்கரங்களோடு சேர்ந்து அவையும் ஒரு பயங்கரமாகவே நின்றுவிடுகின்றன, காரணமாக எழுவதில்லை. இறந்த குழந்தையைப் படமெடுத்து வைத்தல் அக்காலத்து வழக்கம். பெற்றோருக்கு எஞ்சிய ஒரே நினைவு அதுவாகவே இருந்திருக்கும். தற்கொலைச் செய்திகளின் அருகே வைக்கப்படும்போது அதே படம் ஊர் முழுவதும் பித்துப் பிடித்திருந்ததற்குச் சான்றாகிவிடுகின்றது. லெசி சில படங்களை வெட்டியும் திரும்பத் திரும்ப அடுக்கியும் உள்ளார் என்பதும் கவனிக்கத்தக்கது. துயரம் மெய்யானதே. ஆனால் காரணத்திலிருந்து பிரிக்கப்பட்ட துயரம், மண்ணின் சாபம் போன்ற ஒரு மர்மமாகிவிடுகின்றது.

கடனையும் குருதியையும் ஒரே கதையாகக் கண்ட நூல் 1989 இல் புரூஸ் பிரவுண் எழுதிய ‘லோன் ட்ரீ’ ஆகும். 1985 டிசெம்பர் 9 ஆம் திகதி அயோவா மாநிலத்தில், ஊரில் மதிப்புப் பெற்ற ஒரு விவசாயி தன் மனைவியைச் சுட்டுக் கொன்றார். பின் ஹில்ஸ் என்னும் ஊரின் வங்கிக்குச் சென்று அதன் தலைவரையும், அதன் பின்னர் அயலவர் ஒருவரையும் சுட்டுவிட்டுத் தன்னுயிரையும் மாய்த்துக்கொண்டார். இதற்குப் பின்னணியாக அமைந்த வரலாறு தெளிவானது. 1970களில் தானிய ஏற்றுமதி பெருகியது. பண்ணைகளை விரிவாக்குமாறு அரசே தூண்டியது. ஏறிச்செல்லும் நில விலையை நம்பி வங்கிகள் தாராளமாகக் கடன் வழங்கின. 1979 இன் பின்னர் வட்டி வீதம் கடுமையாக உயர்த்தப்பட்டது. 1980 இல் சோவியத் நாட்டுக்கான தானிய விற்பனை தடைசெய்யப்பட்டது. 1981 இன் பின்னர் நிலத்தின் விலை சரிந்தது. நேற்று வரை ‘முன்னேற்றமான விவசாயி’ எனப் பாராட்டப்பட்டவர் இன்று கடனாளியானார். கொலை செய்தவரும் கொலையுண்ட வங்கித் தலைவரும் தாம் உருவாக்காத ஒரு பொறியில் அகப்பட்ட அண்டை மனிதரே.

இவ்விடத்து ஒரு மறுப்பு எழக்கூடும். கடன்பட்டோர் பல்லாயிரவர், கொலை செய்தோர் மிகச் சிலர். அவ்வாறிருக்கப் பொருளாதாரத்தைக் காரணமாகக் கூறுவது இயந்திரப் பாங்கானதன்றோ? இம்மறுப்பு நியாயமானதே. வட்டி வீதம் துப்பாக்கியின் விசையை இழுப்பதில்லை. ஒருவர் ஏன் கொன்றார் என்ற கேள்விக்குப் பொருளாதாரம் முழு விடையாகாது. அதிலும், அவர் முதலிற் கொன்றது வங்கித் தலைவரையல்ல, தன் மனைவியையே என்பதை எந்த வட்டிக் கணக்கும் விளக்கிவிடாது. குடும்பத்தினுள் ஆண் கொண்டிருக்கும் உரிமையுணர்வும் அங்கே தொழிற்பட்டது எனலாம். ஆனால் இம்மறுப்பு நம்மை இட்டுச் செல்லவேண்டிய இடம் வேறொன்றும் உண்டு. கொல்லாமலும் சாகாமலும் அந்நெருக்கடியைக் கடந்தவர்களின் கதை எங்கே? குற்றம் நூலாகின்றது, பிழைத்திருத்தல் நூலாவது அரிது.

அக்குறையை ஓரளவு நிறைவு செய்வது 2018 இல் வெளிவந்த சேரா ஸ்மார்ஷின் ‘ஹார்ட்லாண்ட்’. கபோட்டி எழுதிய அதே கன்சாஸ் மாநிலத்தில், கோதுமைப் பண்ணையொன்றில் வளர்ந்தவர் எழுதிய தன்வரலாறு இது. பயிர்ச்செய்கை மட்டும் போதாமல் தச்சுவேலையும் செய்த தந்தை, பிழைப்புக்காக ஏற்ற வேறொரு தொழிலில் இரசாயனத்தின் நச்சுக்கு ஆளாகின்றார். பதின்ம வயதிலேயே தாயாகி, கொடுமைக்காரக் கணவரிடமிருந்து தப்பி ஊர் ஊராக அலைந்த பாட்டி, பின்னர் நீதிமன்றத்தில் நன்னடத்தை உத்தியோகத்தராகப் பணியாற்றுகின்றார். குற்றஞ் சாட்டப்பட்டு வந்து நின்றோரின் வாழ்வை அவர் கோப்புகளிலிருந்து அறியவேண்டியிருக்கவில்லை. கபோட்டியின் நூலில் இத்தகைய பெண்ணுக்கு இடமே இல்லை. பிறவாத ஒரு மகளை விளித்து ஸ்மார்ஷ் இந்நூலை எழுதியுள்ளார். வறுமையின் சங்கிலியை அறுப்பதற்காகத் தான் பெறாதுவிட்ட பிள்ளையே அவள். பிழைத்திருப்பதற்குக் கொடுத்த விலை இது என்பதை வாசகன் உணரும்போது, கொலைக் கதை எதுவும் தராத ஓர் அதிர்ச்சி அவனுக்கு ஏற்படுகின்றது.

இந்நூலுக்கும் ஓர் எல்லை உண்டு. கல்வியால் வெளியேறியவரே எழுதுகின்றார். வெளியேற முடியாதோர் மற்றவர் எழுத்திலேயே வாழவேண்டியுள்ளனர். அயோவாவின் ஒல்வைன் நகரைப் பற்றி நிக் ரெடிங் 2009 இல் எழுதிய ‘மெத்லாண்ட்’ அத்தகையோரைக் காட்டுகின்றது. இறைச்சி பதனிடும் தொழிற்சாலை கைமாறி, தொழிற்சங்கம் ஒழிந்து, கூலி மூன்றிலொரு பங்களவுக்குச் சுருங்கியபோது, இரட்டை வேலைநேரத்தைத் தாங்குவதற்கே ‘மெத்’ என்னும் போதைப்பொருள் சிலருக்குத் துணையாயிற்று. உழைப்புக்கான மருந்தே பின்னர் குற்றமாயிற்று.

இவற்றைத் தொகுத்து நோக்குமிடத்து ஒன்று தெளிவாகின்றது. தகவல் பிழையின்மை உண்மைக் கதையின் முதற்கடமை. அதிலும் கபோட்டி தவறினார். ஆனால் அது மட்டும் போதாது. குற்றத்தையும் வறுமையையும் பிழைத்திருத்தலையும் தனித்தனிச் செய்திகளாகப் பிரித்துவிடும் எழுத்து, ஒவ்வொரு செய்தியும் சரியாக இருந்தபோதிலும், பொய்யான படத்தையே தருகின்றது. அம்மூன்றும் ஒரே நிலத்தில், ஒரே கணக்கேட்டின் பக்கங்களில் எழுதப்பட்டவை என்பதைக் காட்டும் எழுத்தே உண்மைக் கதை என்ற பெயருக்கு உரியது. ஹொல்கமில் கொலையாளிகள் தேடிய பெட்டகம் அவ்வீட்டில் இருக்கவில்லை. அது இருப்பதாக அவர்கள் ஏன் நம்பினர் என்று கேட்பதே இலக்கியத்தின் பணி. அக்கேள்வியைக் கேளாத நூல் நம் நெஞ்சை உறையவைக்கலாம். நம் அறிவை ஓரடியேனும் முன்னே நகர்த்தாது.