விளம்பர ஓவியரும் விலைபோகாத பொருள்களும்

சத்தியஜித் ராய் இந்தியாவின் வறுமையைப் பிறநாடுகளுக்கு ஏற்றுமதி செய்கிறார் என்று 1980ஆம் ஆண்டில் நடிகை நர்கிஸ் குற்றஞ்சாட்டினார். அவர் அப்பொழுது இந்திய மாநிலங்களவையின் நியமன உறுப்பினராக இருந்தார். இக்குற்றச்சாட்டு அவரோடு தோன்றியதுமன்று, அவரோடு மறைந்ததுமன்று. 'பதேர் பாஞ்சாலி' மேனாடுகளிற் பாராட்டுப் பெற்ற நாள் முதலாக வெவ்வேறு வாய்களிற் கேட்கப்பட்டு வந்ததே. ஏற்றுமதி என்பது வாணிகச் சொல். ராயோ வாணிக உலகிலிருந்து திரைக்கு வந்தவர். பண்டங்களை விரும்பத்தக்கனவாக வரைந்து காட்டுவதே பல்லாண்டுகள் அவருடைய தொழிலாயிருந்தது. ஆகவே இக்குற்றச்சாட்டை வெறும் வசை என ஒதுக்காது ஆராய்தல் தகும்.

சாந்திநிகேதனத்திற் பயின்ற ஓவியக்கல்வியை இடையில் விட்டுவந்த ராய், 1943இல் கல்கத்தாவிலிருந்த கீமர் என்னும் ஆங்கில விளம்பரக் கம்பனியில் மாதம் 80 ரூபாச் சம்பளத்தில் ஓவியராக அமர்ந்தார். அங்கே அவர் கற்றது யாது? ஒரு பக்கத்தில் எதனை வைப்பது, எதனை விடுவது என்னும் தெரிவு. வெற்றிடமும் பேசும் என்னும் தெளிவு. நோக்குவோன் கண் முதலில் எங்கே செல்லும் என்னும் கணிப்பு. அக்காலத்திலேயே சிக்னெற் பதிப்பகத்தின் நூல்களுக்கும் அட்டைப்படங்கள் வரைந்தார். விபூதிபூஷண் பந்தோபாத்தியாயரின் 'பதேர் பாஞ்சாலி' நாவல் சிறுவர்க்காகச் சுருக்கப்பட்டபோது அதற்குச் சித்திரம் வரையும் பணியும் அவரிடம் வந்தது. திரைப்படத்தின் வித்து அச்சித்திரங்களில் உண்டு.

1950இல் கம்பனியே அவரை இலண்டனுக்கு அனுப்பியது. சில மாதங்களில் நூற்றுக்குக் கிட்டிய படங்களைப் பார்த்தார். இத்தாலிய நெறியாளர் டி சிக்காவின் 'சைக்கிள் திருடர்' அவர் உறுதியைப் பிறப்பித்தது. தொழில்முறை நடிகரின்றியும் செயற்கை அரங்கின்றியும் படமெடுக்கலாம் என்பதற்கு அது கண்கண்ட சான்றாயிற்று. கப்பலில் திரும்பும்போதே காட்சிகளைக் குறிக்கத் தொடங்கினார். 1952 ஒக்டோபரில் படப்பிடிப்பு ஆரம்பமானது. உத்தியோகத்தை விடாமல், விடுமுறை நாட்களில். (பகலில் ஓர் உத்தியோகமும் ஞாயிறில் தம் விருப்பமுமாக வாழ்வோர் எம்மிடையேயும் உளர், அவர்கள் இதன் அருமையை அறிவர்.) முதல் நாள் எடுத்த நாணற்பூ வெளிக்கு மறுமுறை சென்றபோது பூவையெல்லாம் மாடுகள் மேய்ந்துவிட்டிருந்தன, அடுத்த ஆண்டுப் பூக்காலம்வரை காத்திருக்க நேர்ந்தது. பணமும் முடிந்தது. காப்புறுதிப் பத்திரமும் மனைவியின் நகைகளும் ஈடாகச் சென்றன. இறுதியில் மேற்கு வங்க அரசு கைகொடுத்தது. படத்தின் பெயரில் பாதை இருந்தமையால் அப்பணம் பாதைத் திருத்தச் செலவாக எழுதப்பட்டதாம்! 1955இல் படம் வெளிவந்தது. அடுத்த ஆண்டு கான் விழாவிற் பரிசு பெற்றது.

இனி வினாவுக்கு வருவோம். விளம்பரம் ஒரு பொருளைக் காட்டி, ஆசையை எழுப்பி, அதனைப் பெறுதலில் முடிகிறது. 'பதேர் பாஞ்சாலி'யிலும் ஆசைக்குரிய பொருள்கள் வருகின்றன. இனிப்பு விற்பவன் ஊருக்குள் வருகிறான். காசில்லாத துர்க்காவும் அபுவும் அவன் பின்னே நடக்கிறார்கள். அவர்கள் பின்னே ஒரு நாய். இவ்வூர்வலத்தைக் குளத்து நீரிலே தலைகீழ் நிழலாகக் காட்டுகிறார் ராய். அமைப்பு விளம்பர ஓவியனுடையது. கருத்தோ விளம்பரத்துக்கு நேர்மாறு. இனிப்பு அவர்களுடையதாவதில்லை, ஆயினும் அந்நடையிலே ஒரு களிப்பிருக்கிறது. இரக்கத்தை யாசிக்கும் கலைஞன் அக்களிப்பை வெட்டியெறிந்திருப்பான்.

துர்க்கா திருடினாள் எனப் பழிக்கப்பட்ட மணிமாலை, அவள் இறந்த பின்னரே அபுவின் கையில் அகப்படுகிறது. அவன் அதனைக் குளத்தில் எறிகிறான். பாசி விலகி மாலையை விழுங்கி மெல்ல மூடிக்கொள்கிறது. ஒரு சொல்லும் இல்லை. நம் இலக்கணநூலார் உள்ளுறை என வகுத்தது இத்தகைய இடங்களுக்கும் பொருந்தும். அதற்கு முன்னே, மகள் இறந்ததறியாத தந்தை ஹரிஹரர் ஊர் திரும்பி, வாங்கி வந்தவற்றை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகிறார். அவற்றுள் ஒன்று துர்க்காவுக்குச் சேலை. தாய் சர்வஜயா வெடித்தழும்போது அவள் குரல் நமக்குக் கேட்பதில்லை. அதனிடத்தில் தார்ஷெனாய் ஒலிக்கிறது. குடும்பத்துக்கு இறுதியாக வந்து சேர்ந்த அப்பண்டத்துக்கு உடுப்பாரில்லை.

இனிப்பு, மாலை, சேலை மூன்றும் கைக்கு எட்டாமலோ பயனின்றியோ போகின்றன. விற்பனைக்கலையை நன்கறிந்த ஒருவர் அதன் இறுதிப் படியை மட்டும் வேண்டுமென்றே மறுத்திருக்கிறார். வறுமையை விற்பவன் காண்போன் பரிதாபப்பட்டுத் திருப்தியடைய இடம் வைப்பான். ராய் அவ்விடத்தை வைக்கவில்லை என்பதே எம் துணிபு.

ஒரு குறையும் சொல்லவேண்டும். நாணற்பூ வெளியிற் புகையிரதம் கரும்புகை கக்கிச் செல்லும் காட்சி, மிகப் புகழ்பெற்றதாயினும், சற்றே சுவரொட்டி போன்றது. வெண்பூவும் கரும்புகையும் தம் அழகைத் தாமே அறிந்திருக்கின்றன. அங்கே கீமர் கம்பனி ஓவியரின் கை வெளிப்படையாகத் தெரிகிறது.

தாம் விட்டுவந்த கம்பனி உலகை ராய் 1971இல் 'சீமாபத்த' என்னும் படத்தில் நேராகவே நோக்கினார். மின்விசிறிக் கம்பனியொன்றின் விற்பனை அதிகாரி சியாமளேந்து. ஏற்றுமதிக்குரிய விசிறிகளிற் பழுது காணப்படுகிறது. கம்பனியின் பெயரைக் காக்கத் தொழிற்சாலையில் ஒரு கலகத்தைச் சூழ்ச்சியாக மூட்டுவிக்கிறான். இயக்குநர் பதவி கிடைக்கிறது. அன்று மின்தூக்கி இயங்காமையால் மாடி மாடியாகப் படியேறி, மூச்சு வாங்க வீடு சேர்கிறான். அவன் மதிப்பை நாடிய மைத்துனி துதுல், முன்னர் அவனிடமிருந்து வாங்கிக் கட்டியிருந்த கைக்கடிகாரத்தைக் கழற்றி, வாய் திறவாமல் மேசைமேல் வைத்துவிடுகிறாள்.