கடல் மாசடைகிறது என்னும் வாக்கியம்

ஆண்டுதோறும் யூன் மாதம் 5 ஆம் நாள் உலகச் சுற்றாடல் தினம் கொண்டாடப்படுகிறது. அதனையொட்டிப் பாடசாலைகளிலே கட்டுரைப் போட்டிகள் நடைபெறுகின்றன. பத்திரிகைகள் சிறப்பிதழ்கள் வெளியிடுகின்றன. கவிஞர்கள் கடலன்னைக்காக இரங்கிப் பாடுகின்றனர். அண்மைக் காலத்தில் இவ்வெழுத்துக்களிலே பெரிதும் இடம்பெறும் பொருள் நுண்பிளாஸ்டிக் ஆகும். எழுதுவோரின் நல்லெண்ணத்தில் நமக்குச் சிறிதும் ஐயமில்லை. ஆயின், நல்லெண்ணம் ஒன்றே நல்ல எழுத்தாகிவிடாது. சமுதாயப் பிரச்சினை ஒன்றைப் பொருளாகக் கொண்ட எழுத்து, அப்பிரச்சினையின் வேரைக் காட்டுகிறதா, அல்லது வேரை மூடிவிட்டு இலையைக் காட்டுகிறதா என்று கேட்பது விமர்சனத்தின் கடமை.

இவ்வெழுத்துக்களில் மீண்டும் மீண்டும் தலைகாட்டும் வாக்கியங்கள் இரண்டு. ஒன்று, ‘கடல் மாசடைகிறது’ என்பது. மற்றது, ‘நாமே கடலை மாசுபடுத்துகிறோம்’ என்பது. இரண்டும் குற்றமற்ற வாக்கியங்கள் போலவே தோன்றுகின்றன. ஆகவேதான் அவற்றை ஆராய வேண்டியுள்ளது.

முதல் வாக்கியத்தை எடுத்துக்கொள்வோம். தன்வினைக்கும் பிறவினைக்கும் உள்ள வேறுபாட்டை நமது ஆசிரியர்கள் கீழ் வகுப்புகளிலேயே கற்பித்து விடுகின்றனர். வகுப்பறையிலே ‘கண்ணாடி உடைந்துவிட்டது’ என்று வந்து சொல்லும் மாணவனை எந்த ஆசிரியரும் அவ்வளவில் விட்டுவிடுவதில்லை. ‘உடைத்தவன் யார்?’ என்பதே அவர் கேட்கும் அடுத்த கேள்வி. கடல் மாசடைகிறது என்று எழுதும்போது மட்டும் அக்கேள்வி எழுவதில்லை. நாள் தேய்வது போலவும் மழை ஓய்வது போலவும், கடல் தானாகவே மாசடைவதாக ஒரு தோற்றம் உண்டாகி விடுகிறது.

உண்மை யாது? ஐந்து மில்லிமீற்றருக்குக் குறைவான பிளாஸ்டிக் துணிக்கைகளையே நுண்பிளாஸ்டிக் என்று வழங்குகின்றனர். 1972 இலேயே சர்காசோக் கடலின் மேற்பரப்பிற் பிளாஸ்டிக் துணிக்கைகள் மிதப்பதை ஆராய்ச்சியாளர் அறிவித்திருந்தனர். 2004 இல் இங்கிலாந்தின் பிளிமத் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த றிச்சர்ட் தொம்சனும் அவருடைய தோழர்களும் வெளியிட்ட ஆய்வின் பின்னரே இப்பெயர் பரவலாயிற்று. பெரிய பிளாஸ்டிக் பொருள்கள் வெயிலாலும் அலையாலும் சிதைந்து நுண்துணிக்கைகளாகின்றன. வாகனங்களின் டயர் தேய்வதாலும், செயற்கை நூலாடைகளைத் தோய்ப்பதாலும் வேறு சில பிறக்கின்றன. இன்னொரு வகையோ பிறக்கும்போதே நுண்ணியது. தொழிற்சாலைகள் பிளாஸ்டிக் பொருள்களை வார்ப்பதற்கு மூலப்பொருளாகக் கொள்ளும் மணிகள் அவை. பயறளவு, பருப்பளவு உள்ளவை. கொள்கலன்களிலே நாடுவிட்டு நாடு செல்பவை.

இம்மணிகளை இலங்கையின் மேற்குக் கரையோர மக்கள் ஆராய்ச்சிக் கட்டுரைகள் வாயிலாக அறியவில்லை. 2021 மே மாதம் 20 ஆம் நாள், கொழும்புத் துறைமுகத்துக்கு வெளியே நங்கூரமிட்டிருந்த எக்ஸ்பிரஸ் பேர்ள் என்னும் சிங்கப்பூர்க் கொடி தாங்கிய கப்பலிலே தீப்பற்றியது. கப்பலில் 1,486 கொள்கலன்கள் இருந்தன. அவற்றுள் ஒன்றிலிருந்து நைத்திரிக் அமிலம் கசிவது மே 11 ஆம் நாளளவிலேயே தெரிந்திருந்தது. கட்டாரிலும் இந்தியாவிலும் உள்ள துறைமுகங்கள் அக்கொள்கலனை இறக்குவதற்கு இணங்கவில்லை. கப்பல் அதனைச் சுமந்தவாறே கொழும்பை நோக்கி வந்தது. மே 25 இல் வெடிப்பு நிகழ்ந்தது. யூன் 2 இல் ஆழ்கடலுக்கு இழுத்துச் செல்ல முயன்றபோது கப்பலின் பின்புறம் கடலடியிலே தட்டியது. ஏறக்குறைய 1,680 தொன் பிளாஸ்டிக் மணிகள் அக்கப்பலில் இருந்தன. சரக்குவக் கரையிலும் நீர்கொழும்பை அண்டிய கரைகளிலும் அவை வெண்பனிபோற் குவிந்தன. உலகில் அதுவரை பதிவான பிளாஸ்டிக் மணிச் சிதறல்களுள் அதுவே மிகப் பெரியதென ஐக்கிய நாடுகள் சபையின் நிபுணர்கள் கணித்தனர்.

இங்கே ‘கடல் மாசடைந்தது’ என்று எழுதுவது பொருந்துமா? கசிவை அறிந்தவர் உண்டு; கொள்கலனை ஏற்க மறுத்தவர் உண்டு; சரக்கை அனுப்பியவரும் ஏற்றியவரும் உண்டு; கண்காணிக்க வேண்டிய அதிகாரிகளும் உண்டு. வாக்கியத்துக்கு எழுவாய் இல்லாமற் போகவில்லை. எழுதுவோரே அதனை நீக்கிவிடுகின்றனர்.

இதிலே இன்னொரு சொல்லின் கதையும் அடங்கியிருக்கிறது. கப்பற் போக்குவரத்துக்கென ‘ஆபத்தான சரக்குகள்’ என்றொரு சர்வதேசப் பட்டியல் உண்டு. அக்கப்பலின் 81 கொள்கலன்கள் அவ்வகையினவாக அறிவிக்கப்பட்டிருந்தன. அமிலம் அப்பட்டியலில் இருந்தது. பிளாஸ்டிக் மணி இருக்கவில்லை. பல்லாண்டுகள் கரையை விட்டு நீங்காத பொருள், தாளிலே தீங்கற்ற சரக்காயிற்று. பெயரிடும் அதிகாரம் யாரிடம் இருக்கிறதோ அவரிடமே பொறுப்பைத் தட்டிக்கழிக்கும் அதிகாரமும் இருக்கிறது.

இனி இரண்டாவது வாக்கியத்துக்கு வருவோம். ‘நாமே கடலை மாசுபடுத்துகிறோம்.’ இவ்வாக்கியத்துக்கு எழுவாய் உண்டு. ஆயின், அந்த எழுவாய் யாரைக் குறிக்கிறது? ஆங்கிலத்திலே தன்மைப் பன்மைக்கு ஒரு சொல்லே உண்டு. தமிழிலோ ‘நாம்’ வேறு, ‘நாங்கள்’ வேறு. கேட்போரையும் உளப்படுத்தி நிற்பது ‘நாம்’. கேட்போரை விலக்கி நிற்பது ‘நாங்கள்’. இத்துணை நுட்பமான வேறுபாட்டைப் பேணிவரும் மொழியிலே எழுதுபவர்கள், ‘நாம்’ என்று எழுதும்போது ஒரு கணம் நின்று சிந்திக்க வேண்டாமா? அச்சொல்லுக்குள்ளே கப்பலின் உரிமையாளரும் அடங்குகிறார். பாணந்துறை முதல் நீர்கொழும்பு வரை விதிக்கப்பட்ட தடையினாற் கடலுக்குப் போகமுடியாது வள்ளத்தைக் கரையேற்றி வைத்துவிட்டு இருந்த தொழிலாளியும் அடங்குகிறார். இலாபத்தைப் பகிரும்போது அவர்கள் ‘நாம்’ ஆக இருக்கவில்லை. பழியைப் பகிரும்போது மட்டும் ஆகிவிடுகிறார்கள்.

இந்த ‘நாம்’ தற்செயலாகப் பிறந்ததன்று. 1953 இல் அமெரிக்காவின் வெர்மொண்ட் மாநிலம், மீள நிரப்ப இயலாத போத்தல்களிற் பியர் விற்பதைத் தடைசெய்தது. அதே ஆண்டிலே தகரப் பேணிகளையும் போத்தல்களையும் உற்பத்திசெய்யும் பெருநிறுவனங்கள் கூடி, ‘அமெரிக்காவை அழகாக வைத்திருப்போம்’ என்னும் பெயரில் ஓர் அமைப்பை நிறுவின. 1971 இல் அவ்வமைப்பு வெளியிட்ட தொலைக்காட்சி விளம்பரமொன்று உலகப் புகழ்பெற்றது. பழங்குடி மனிதர் ஒருவர் ஆற்றிலே தோணி செலுத்தி வருகிறார்; கரையிலே குப்பை; வாகனத்திற் செல்லும் ஒருவர் எறிந்த பொட்டலம் அவர் காலடியில் வந்து விழுகிறது; அவர் கண்ணீர் உகுக்கிறார். குப்பையைத் தொடங்குவோர் மக்கள், நிறுத்த வல்லவரும் மக்களே என்பது விளம்பரம் கூறும் நீதி. பொட்டலத்தை எறிந்த கை படத்திலே தெரிகிறது. பொட்டலத்தைச் செய்த தொழிற்சாலை தெரியவில்லை. பழங்குடியினராக நடித்தவரும் உண்மையில் இத்தாலியப் பெற்றோருக்குப் பிறந்தவர். நம் பிள்ளைகள் போட்டிக் கட்டுரைகளில் எழுதும் நீதி, கொழும்பிலோ யாழ்ப்பாணத்திலோ பிறந்ததன்று. போத்தல் முதலாளிகளின் பணத்திலே பிறந்து வளர்ந்து இங்கு வந்து சேர்ந்தது.

எனின், தனிமனிதருக்குப் பொறுப்பே இல்லையா என்று வாசகர் கேட்கலாம். நியாயமான கேள்வி. கடலில் அறுந்து மிதக்கும் நைலோன் வலை தொழிலாளியின் வலைதான். வாய்க்காலில் எறியப்படும் பை நமது வீட்டுப் பைதான். அதனை மறைப்பது எழுத்தாளனுக்கு அழகன்று. ஆயினும் அளவை நோக்க வேண்டும். 1950 இல் உலகின் பிளாஸ்டிக் உற்பத்தி ஏறத்தாழ இருபது இலட்சம் தொன். 2019 இல் நாற்பத்தாறு கோடித் தொன். 2015 வரை உண்டான பிளாஸ்டிக் கழிவில் ஏறக்குறைய நூற்றுக்கு ஒன்பது பங்கே மீள்சுழற்சிக்கு உள்ளானது. பருத்தி வலையைக் கைவிட்டு நைலோன் வலைக்கு மாறியபோது, பழைய வலையை எங்கே ஒப்படைப்பது என்பதற்கு வழி எதனையும் தொழிலாளிக்கு விற்றவர்கள் சொல்லவில்லை. 2017 இல் இலங்கையரசு சோற்றுப்பொதி சுற்றும் பொலித்தீன் தாளைத் தடைசெய்தது. வரவேற்கத்தக்கதே. ஆயின், உற்பத்திக்கே எல்லை வகுக்கும் சர்வதேச உடன்படிக்கையை ஆக்குவதற்கு 2024 இறுதியிற் பூசானிலும், 2025 ஓகஸ்டில் ஜெனிவாவிலும் கூடிய மாநாடுகள் உடன்பாடின்றிக் கலைந்தன. எண்ணெயும் இரசாயனமும் விற்கும் நாடுகள் உற்பத்திக் கட்டுப்பாட்டை எதிர்த்தன. சட்டம் சோற்றுக்கடைவரை இறங்கிவர முடிகிறது. உற்பத்திச் சாலைவரை ஏறிச்செல்ல முடியவில்லை.

உடல்நலம் பற்றிய எழுத்துக்களிலே வேறொரு குறை காணப்படுகிறது. அவை அச்சத்தை விளைவிப்பதையே வெற்றியெனக் கருதுகின்றன. ஒவ்வொரு மனிதனும் வாரந்தோறும் ஒரு கடனட்டையின் நிறையளவு பிளாஸ்டிக்கை உண்கிறான் என்னும் கூற்று 2019 முதல் எங்கும் பரவியது. அக்கணக்கு பன்மடங்கு மிகைப்பட்டதெனப் பின்வந்த ஆய்வாளர் காட்டினர். மிகை தேவையில்லை, உண்மையே போதியது. 2022 இல் நெதர்லாந்து ஆய்வாளர் 22 பேரின் குருதியைச் சோதித்து, 17 பேரிடம் பிளாஸ்டிக் துணிக்கைகளைக் கண்டனர். 2024 இல் இத்தாலிய மருத்துவர்கள், கழுத்து நாடியிற் படிந்த கொழுப்பை அறுவைமூலம் அகற்றப்பெற்ற 257 பேரைத் தொடர்ந்து கவனித்தனர். 150 பேரின் படிவிற் பொலித்தீன் இருந்தது. பிளாஸ்டிக் காணப்பட்டவர்களுக்கு ஏறக்குறைய மூன்றாண்டுக்குள் மாரடைப்போ பாரிசவாதமோ மரணமோ நேரும் வாய்ப்பு மற்றையோரினும் ஏறத்தாழ நான்கரை மடங்காக இருந்தது. பிளாஸ்டிக்கே அதற்குக் காரணமென அவர்கள் நிறுவிவிடவில்லை. தொடர்பு உண்டு என்றே கூறினர். விஞ்ஞானி காட்டும் இந்த நிதானத்தை எழுத்தாளனும் கடைப்பிடித்தல் வேண்டும்.

ஏனெனில், அச்சத்துக்கும் விலை உண்டு. அதனைக் கொடுப்பவர் ஏழைகள். 2021 இல் மீன் நஞ்சாகிவிட்டதென்ற பேச்சுப் பரவியபோது, தடை விதிக்கப்படாத கரைகளிலிருந்து வந்த மீனையும் வாங்குவதற்கு மக்கள் தயங்கினர். கப்பலாற் பிடிபட்ட தொழிலாளி ஒருபுறமிருக்க, வதந்தியாற் பிடிபட்ட தொழிலாளியும் பட்டினி கிடந்தான். கூடையிலே நெத்தலியும் சூடையும் சுமந்து வீடுவீடாக விற்கும் பெண்ணுக்கு எந்த மாநாட்டிலும் ஆசனமில்லை. அவளைப் பாதிக்கும் சொல்லை எழுதுபவன் அதனை நிறுத்துப் பார்த்து எழுதக் கடமைப்பட்டவன்.

நமது இலக்கிய மரபு இவ்விடயத்தில் வறியதன்று. நெய்தல் என்றதும் பிரிவுத் துயரையும் மாலைப் பொழுதையும் மட்டும் நினைப்பது பாடநூல் தந்த பழக்கம். சங்கச் செய்யுட்களிலே உப்பு விளைத்தவரும், அதனை வண்டியேற்றி விற்ற உமணரும், மீனுணக்கிய பரதவ மகளிரும் இருக்கின்றனர். பின்வந்த கவிஞர்களே உழைப்பாளியைக் கரையிலிருந்து அகற்றிவிட்டு நிலவை மட்டும் விட்டுவைத்தனர். நமது காலத்தில் செங்கை ஆழியானின் ‘வாடைக்காற்று’ மீன்பிடி வாடிகளின் வாழ்வை நாவலாக்கிற்று. ராஜம் கிருஷ்ணனின் ‘கரிப்பு மணிகள்’ தூத்துக்குடி உப்பளத் தொழிலாளரின் வாழ்வைக் காட்டிற்று. இவ்வழியிலே மேலும் செல்லவேண்டிய தேவை இன்று எழுந்துள்ளது. கரையிலே புதியதொரு மணி வந்து கலந்துவிட்டது. 2025 மே மாதத்தில் கேரளக் கடலில் மூழ்கிய வேறொரு கப்பலின் மணிகள், அடுத்த மாதமே மன்னார்க் கரையிலும் ஒதுங்கின. இக்கதையை எழுதுபவன் கடலன்னையின் கண்ணீரை வருணிப்பதிலே நின்றுவிட முடியாது. சரக்குப் பட்டியலையும் காப்புறுதிப் பத்திரத்தையும் நீதிமன்றத் தீர்ப்பையும் படித்தாக வேண்டும்.

தீர்ப்பு என்றதனால் ஒன்றைக் கூறவேண்டும். 2025 யூலை 24 ஆம் நாள் இலங்கையின் உயர் நீதிமன்றம், எக்ஸ்பிரஸ் பேர்ள் கப்பலுக்குரிய தரப்பினர் நூறு கோடி அமெரிக்க டொலர் இழப்பீடு செலுத்த வேண்டுமெனத் தீர்த்தது. மாசாக்கியவனே ஈடுசெய்ய வேண்டும் என்பது அத்தீர்ப்பின் அடிப்படை. அரச தரப்பினரின் தவறுகளையும் நீதிமன்றம் சுட்டியது. செப்டெம்பரிற் கப்பல் நிறுவனத் தலைவர் அத்தொகையைச் செலுத்தப் போவதில்லையென அறிவித்தார். இலண்டன் நீதிமன்றமோ முன்னரே பொறுப்பின் எல்லையை ஒரு கோடியே தொண்ணூறு இலட்சம் பவுண் அளவில் வரையறுத்திருந்தது. எனினும், தீர்ப்பிலே ஒரு பெரும் பேறு உண்டு: அதன் வாக்கியத்துக்கு எழுவாய் இருக்கிறது. நமது கவிதைகளும் கட்டுரைகளும் செய்யத் தவறியதை ஒரு சட்ட ஆவணம் செய்திருக்கிறது.

இக்கட்டுரையிலும் ‘நாம்’ என்றே எழுதி வந்துள்ளோம். கடலை மாசாக்கியவரையும் உளப்படுத்தும் ‘நாம்’ அன்று அது. கற்பிக்கும் ஆசிரியரையும், கற்கும் மாணவரையும், கரையிலே வள்ளத்தைப் பார்த்திருக்கும் தொழிலாளியையும் உளப்படுத்துவது. அடுத்த யூன் மாதத்தில் ‘கடல் மாசடைதல்’ என்னும் தலைப்பைக் கரும்பலகையில் எழுதப்போகும் ஆசிரியத் தோழரிடம் நாம் கேட்பது சிறிய மாற்றமே. ‘கடலை மாசாக்குவோர் யார்?’ என்று தலைப்பைத் திருத்தி எழுதுங்கள். மாணவர் விடை தேடப் புறப்படுவர்.