பந்தி விசாரணையும் நதி விசாரணையும்: காவிரி நீர் மேலாண்மைத் திட்டம் பற்றி ஒரு திறனாய்வு

திருவரங்கத் தீவின் மேற்கே, முக்கொம்பில், காவிரி இரண்டாகப் பிரிகின்றது. தென்கிளை காவிரி என்னும் பெயரோடே வயல்களை நாடிச் செல்கின்றது. வடகிளையாகிய கொள்ளிடம் மிகைநீரைச் சுமந்து கடலை நாடுகின்றது. கொள்ளிடத்தின் தலைப்பில் 1836ஆம் ஆண்டில் ஆர்தர் காட்டன் என்னும் ஆங்கிலப் பொறியாளர் மேலணையைக் கட்டினார். 2018 ஆகஸ்ட் 22ஆம் நாள் இரவில் அவ்வணையின் ஒன்பது மதகுகள் வெள்ளத்தில் இடிந்து வீழ்ந்தன.

அதே ஆண்டு ஜூன் முதல் நாளன்றுதான் மத்திய அரசு காவிரி நீர் மேலாண்மைத் திட்டத்தை அரசிதழில் வெளியிட்டிருந்தது. நீருக்காகப் பல்லாண்டுகள் வழக்காடிப் பெற்ற ஆவணம் கைக்கு வந்த பன்னிரண்டு வாரங்களுக்குள், நீர் மிகுந்து அணையே உடைந்தது. இவ்விரண்டுக்கும் காரணத் தொடர்பு ஏதும் இல்லை. எனினும் அவற்றை அடுத்தடுத்து வைத்துப் பார்க்கையில் ஓர் உண்மை விளங்குகின்றது. நீர் மிகும் ஆண்டில் ஆணையத்தை எவரும் நினைப்பதில்லை. நீர் குறையும் ஆண்டில்தான், ‘இவ்வாணையம் யாருடையது?’ என்னும் வினா எழுகின்றது. அவ்வினாவோடு இத்திட்டத்தை ஓர் ஆவணமாக எடுத்துப் படித்துப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

1. ஆவணம் பிறந்த வரலாறு

சென்னை மாகாணத்திற்கும் மைசூர் சமஸ்தானத்திற்கும் இடையே 1892லும் 1924லும் செய்யப்பட்ட உடன்பாடுகளை நாம் அறிவோம். அவற்றில் கையொப்பமிட்டவை அரசாங்கங்கள். ஆற்றங்கரையில் வாழ்ந்தோரை எவரும் கேட்கவில்லை. அன்றைய ஆட்சிமுறையில் கேட்கவேண்டும் என்னும் எண்ணமும் எழவில்லை.

விடுதலைக்குப்பின் இயற்றப்பட்ட 1956ஆம் ஆண்டின் மாநிலங்களிடை நதிநீர்த் தகராறுச் சட்டமும் வழக்காடும் உரிமையை மாநில அரசுகளுக்கே அளித்தது. ஆயினும் காவிரி வழக்கை அசைத்தவர்கள் உழவர்களே என்பது மறக்கத்தகாதது. தமிழக அரசின் பேச்சுவார்த்தைகள் பயனற்று நீண்டபொழுது, 1983இல் டெல்டா உழவர்களின் சங்கம் ஒன்று உச்ச நீதிமன்றத்தை நாடியது. அவ்வழக்கின் பயனாகவே 1990 மே மாதத்தில் நீதிமன்றம் ஆணையிட்டது. ஜூன் 2ஆம் நாள் நடுவர் மன்றம் அமைந்தது.

நடுவர் மன்றம் 1991இல் இடைக்கால ஆணையும், 2007 பிப்ரவரி 5ஆம் நாள் இறுதித் தீர்ப்பும் வழங்கியது. மொத்த நீர் 740 டி.எம்.சி. எனக் கணித்து, தமிழ்நாட்டுக்கு 419, கர்நாடகத்துக்கு 270, கேரளத்துக்கு 30, புதுச்சேரிக்கு 7 எனப் பகிர்ந்தது. எஞ்சிய 14 டி.எம்.சி. சுற்றுச்சூழலுக்கும் தவிர்க்கவியலாது கடலில் கலப்பதற்கும் விடப்பட்டது. அத்தீர்ப்பு அரசிதழில் இடம்பெறவே 2013 ஆயிற்று. 2018 பிப்ரவரி 16ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அப்பங்கீட்டைத் திருத்தி, தமிழ்நாட்டின் பங்கை 404.25 எனவும், கர்நாடகத்தின் பங்கை 284.75 எனவும் ஆக்கியது. பிலிகுண்டுலுவில் விடப்படவேண்டிய நீர் 192 டி.எம்.சி.யிலிருந்து 177.25 ஆகக் குறைந்தது. ஆற்றுநீருக்கு எந்த மாநிலமும் தனியுரிமை பாராட்ட இயலாது என்னும் கொள்கையையும் அத்தீர்ப்பு நிலைநாட்டியது.

இத்தீர்ப்பைச் செயற்படுத்தும் அமைப்பை ஆறு வாரங்களுக்குள் உருவாக்குமாறு நீதிமன்றம் பணித்தது. மத்திய அரசோ மேலும் மூன்று மாத அவகாசம் வேண்டிற்று. கர்நாடகத்தில் சட்டமன்றத் தேர்தல் நடைபெறவிருந்தமை அதற்குக் காட்டப்பட்ட காரணங்களுள் ஒன்று. இது ஆழ்ந்து சிந்திக்கத்தக்கது. மக்களாட்சியின் தலையாய நிகழ்ச்சி எதுவோ, அதுவே மாநிலங்களுக்கு மேற்பட்டதொரு நீதிக்குத் தடையாகக் காட்டப்பட்டது.

2. ஆவணம் சொல்வது

திட்டத்தின்படி ஆணையத்துக்கு ஒரு தலைவர், இரண்டு முழுநேர உறுப்பினர்கள், மத்திய அமைச்சகங்களின் சார்பில் இரண்டு பகுதிநேர உறுப்பினர்கள், காவிரிப் படுகையைச் சேர்ந்த நான்கு அரசுகளின் நீர்வளத் துறைச் செயலர்கள் நால்வர், அலுவல்களைக் கவனிக்க ஒரு செயலர் என அமைப்பு வகுக்கப்பட்டுள்ளது. ஆணையம் இருப்பது புதுதில்லியில். அதன் கீழ் இயங்கும் ஒழுங்காற்றுக் குழு இருப்பது பெங்களூரில். செலவில் தமிழ்நாடும் கர்நாடகமும் நூற்றுக்கு 40 வீதமும், கேரளம் 15ம், புதுச்சேரி 5ம் ஏற்கவேண்டும். ஒரு மாநிலம் ஒத்துழையாவிடின் ஆணையம் மத்திய அரசின் உதவியை நாடலாம்.

இப்பட்டியலில் பொறியாளர் உளர். ஆட்சிப் பணியாளர் உளர். மக்களால் தேர்ந்தெடுக்கப்பட்டவர் ஒருவரும் இலர். 1983இல் வழக்குத் தொடுத்த உழவருக்கும் அங்கு இருக்கை இல்லை. பெண்கள், நிலமற்ற உழைப்பாளர், மீனவர், குடிநீருக்குக் காவிரியையே நம்பியிருக்கும் திருச்சி போன்ற நகரங்கள் ஆகிய எத்தரப்பாருக்கும் தமக்கெனக் குரல் அளிக்கப்படவில்லை. மக்களிடமிருந்து எழுந்த வழக்கு, மக்கள் இல்லாத மன்றத்தில் முடிந்தது.

3. எதிர்வாதத்தின் வலிமை

இக்குறையைச் சுட்டுவோர் உடனே ஓர் எதிர்வாதத்தைச் சந்தித்தாகவேண்டும். அதை நாம் இலேசாகத் தள்ளிவிடுதல் நேர்மையன்று.

1998இல் அமைக்கப்பட்ட காவிரி நதி ஆணையத்தில் பிரதமர் தலைவராகவும் நான்கு முதலமைச்சர்கள் உறுப்பினராகவும் இருந்தனர். தேர்ந்தெடுக்கப்பட்டோர் என்ற அளவில் அதைவிடச் சிறந்த மக்களாட்சி அமைப்பு வேறு இருக்கமுடியாது. ஆயினும் அது அரிதாகவே கூடியது. கூடியபோதும் சிக்கலைத் தீர்க்கவில்லை. ஏன்? மாண்டியா உழவரின் வாக்கைப் பெற்றவர், தஞ்சை உழவருக்கு நீர்விட ஒப்பினால் அடுத்த தேர்தலில் பதில் சொல்ல நேரும். தஞ்சை உழவருக்கோ அவரை நீக்கும் வாக்கு இல்லை. மேல்மடையின் பெரும்பான்மை கீழ்மடைக்கு நீதி வழங்கும் என எதிர்பார்க்க இயலாது. ஆகவே தேர்தலின் அழுத்தத்துக்கு எட்டாத வல்லுநர் குழுவே கடைமடை எளியவனுக்குக் காவல் என்பது அவ்வாதம்.

இதில் உண்மை உண்டு. ஆணையத்தின் முதற் கூட்டம் 2018 ஜூலை 2ஆம் நாள் கூடி, அம்மாதத்துக்குரிய நீரை விடுமாறு பணித்தது. அரசியல் தலைவர்கள் ஆண்டுக்கணக்கில் செய்ய இயலாததை அதிகாரிகள் ஒரு பிற்பகலில் செய்தனர். இதை நாம் நன்றியோடு ஏற்கவேண்டும்.

எனினும் 2023ஆம் ஆண்டு இவ்வாதத்தின் எல்லையைக் காட்டிற்று. தென்மேற்குப் பருவமழை பொய்த்தது. ஆகஸ்ட் இறுதியில் ஆணையம் நொடிக்கு 5,000 கன அடி வீதம் நீர்விடப் பணித்தது. செப்டம்பர் 21ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது. 26ஆம் நாள் பெங்களூரிலும், 29ஆம் நாள் கர்நாடகமெங்கும் முழுஅடைப்பு நடைபெற்றது. இங்கே டெல்டாவில் குறுவைப் பயிர் காய்ந்தது. மாண்டியா உழவர் தம்மிடமிருந்து பறித்ததாக எண்ணினார்; தஞ்சை உழவர் தமக்குத் தரவில்லை என்றெண்ணினார். ஒரே ஆணையை இருகரையாரும் அநீதி என்றனர். எண் தவறாக இருந்திருக்கவேண்டும் என்பதில்லை. அவ்வெண் எவ்வாறு வந்தது என்பதை இருகரையாருள் எவரும் உடனிருந்து காணவில்லை, அதுவே செய்தி. பற்றாக்குறையை எவ்வீதம் பகிர்வது என்பதை முன்னரே மக்கள் அறிய வகுத்து வைக்காத இடத்தில், ஒவ்வொரு வறட்சியும் புதியதொரு வழக்காகிறது.

4. பிறநாட்டு அனுபவம்

நாடுகளுக்கு மேற்பட்ட ஆளுகை, ஆற்றிலிருந்தே தொடங்கிற்று எனலாம். 1815இல் வியன்னா மாநாட்டில் தோன்றிய ரைன் நதிப் போக்குவரத்து ஆணையம் இன்றளவும் இயங்கிவரும் அத்தகைய அமைப்புகளுள் மிகப் பழையது. பிற்காலத்தில் எழுந்த ஐரோப்பிய ஒன்றியமும் நம்மை எதிர்நோக்கும் இதே குற்றச்சாட்டைச் சந்தித்தது. முடிவெடுப்போர் தொலைவில் உளர். அவர்களை நீக்க எங்களுக்கு வழியில்லை என மக்கள் முறையிட்டனர். அதை ‘ஜனநாயகக் குறைபாடு’ என அறிஞர் வழங்கினர். 1979 முதல் ஐரோப்பிய நாடாளுமன்றத்துக்கு நேரடித் தேர்தல் நடைபெறுகின்றது. அவ்வாண்டில் வாக்களித்தோர் நூற்றுக்கு 62 பேர் அளவில். 2014இல் 43 பேருக்கும் குறைவு. பின்னர் இவ்வெண் சற்று உயர்ந்தது என்பது உண்மையே. எனினும் வாக்குச்சீட்டு மட்டுமே நம்பிக்கையைத் தந்துவிடாது என்பதற்கு இது சான்று.

அவ்வொன்றியமே 2000ஆம் ஆண்டில் இயற்றிய நீர்க்கொள்கை ஆணை வேறொரு வழியைக் காட்டுகின்றது. ஒவ்வொரு நதிப்படுகைக்கும் வகுக்கப்படும் திட்டத்தை முன்னதாக வெளியிட்டு, மக்கள் எழுத்து மூலம் கருத்துரைக்க ஆறு மாதமேனும் அளிக்கவேண்டும் என அது விதிக்கின்றது. உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை இல்லாவிடினும், காரணத்தைக் கேட்டறியும் உரிமையும் மறுத்துரைக்கும் உரிமையும் மக்களுக்கு உண்டு. நம் திட்டத்தில் காணப்படாதது இதுவே.

நமது சீர்திருத்தத் திருச்சபை மரபும் இதற்கு அந்நியமன்று. 1571இல், துன்பத்திற்கு அஞ்சி வெளியேறியிருந்த நெதர்லாந்துச் சபைகள் எம்டன் நகரில் கூடின. ஒரு சபை மற்றொன்றின் மேல் அதிகாரம் செலுத்தலாகாது எனவும், கீழ்மன்றத்தில் தீர்க்கக்கூடியதை மேல்மன்றத்துக்குக் கொண்டு செல்லலாகாது எனவும் முடிவு செய்தன. மேல்மன்றம் வேண்டியதே, ஆனால் கீழ்மன்றத்தின் நாவை அடக்க அன்று.

5. பந்தி விசாரணை

அப்போஸ்தலர் நடபடிகள் ஆறாம் அதிகாரத்தை நாம் பெரும்பாலும் உதவிக்காரர் ஊழியத்தின் தோற்றமாகவே போதித்து வருகின்றோம். அது பங்கீட்டைப் பற்றிய ஒரு முறையீட்டின் வரலாறும் ஆகும். அன்றாடப் பங்கீட்டில் கிரேக்க மொழியினரின் விதவைகள் புறக்கணிக்கப்பட்டனர். அப்போஸ்தலர் தாமே புதிய கணக்கொன்றை அறிவித்து முறையீட்டை அடக்கியிருக்கலாம், அவ்வாறு செய்யவில்லை. சீடர் கூட்டத்தை அழைத்து, அவர்களையே எழுவரைத் தெரிந்துகொள்ளச் செய்தனர். அவ்வெழுவரின் பெயர்களும் கிரேக்கப் பெயர்களே என்பதை வேத அறிஞர் நெடுங்காலமாகச் சுட்டிவந்துள்ளனர். யாருடைய பந்தியில் குறை நேர்ந்ததோ, அவர்களைச் சார்ந்தோர் கையிலேயே பந்தி விசாரணை ஒப்படைக்கப்பட்டது.

இது நதிக்கும் பொருந்துமா? பொருந்தக்கூடும் என்பதற்கு அண்மை வரலாற்றில் ஒரு முன்மாதிரி உண்டு. 2003இல் சென்னை வளர்ச்சி ஆராய்ச்சி நிறுவனத்தின் முயற்சியால் தமிழக, கர்நாடக உழவர்கள் ஒன்றுகூடிக் ‘காவிரிக் குடும்பம்’ என்னும் அமைப்பை உருவாக்கினர். ஒருவர் வயலை மற்றவர் சென்று கண்டனர். பகைவனாக எண்ணியவனும் தன்னைப் போலவே கடனும் காய்ந்த நிலமும் உடையவன் என்பதை அறிந்தனர். அவர்கள் பேச்சு அரசுகளைக் கட்டுப்படுத்தவில்லை, சிக்கல் தீர்ந்ததுமில்லை. எனினும் 2018இன் திட்டம் வரையப்பட்டபொழுது இம்முன்மாதிரிக்கு ஓர் ஆலோசனைக் குழுவின் தகுதியேனும் அளித்திருக்கலாம். அளிக்காததை இவ்வாவணத்தின் பெருங்குறையாக நாம் கருதுகின்றோம்.

6. நமது கரை

மேல்மடையைக் குறைகூறும் நாம், நமக்குக் கீழ்மடையில் இருப்போரை நினைக்கவேண்டும். முக்கொம்பிலும் கல்லணையிலும் நீர் பிரியும்பொழுது கடைமடை உழவரைக் கேட்போர் யார்? நடவுக்கும் அறுப்புக்கும் செல்லும் நிலமற்ற தாய்மாரின் நாள்கூலி எந்த டி.எம்.சி. கணக்கிலும் இடம்பெறவில்லை. திருச்சி நகரினூடே செல்லும் உய்யக்கொண்டான் வாய்க்காலில் கழிவுநீரைக் கலப்பவர் கர்நாடகத்தார் அல்லர். கொள்ளிடத்தின் மணலை அள்ளியவரும் அயலார் அல்லர். மேலிருப்பவரிடம் நாம் கேட்கும் நீதியை, கீழிருப்பவருக்கு நாம் வழங்காவிடின் நமது முறையீடு வலுவிழக்கும்.

திருச்சபையும் இதற்குப் புறம்பன்று. 1947இல் தோன்றிய தென்னிந்தியத் திருச்சபை, காவிரி பாயும் மாநிலங்கள் அனைத்திலும் பரந்து, கடல் கடந்து யாழ்ப்பாணம் வரையும் ஒரே சினாடின் கீழ் இணைந்தது. மாண்டியாவின் கரும்பு உழவரும் இலால்குடியின் நெல் உழவரும் ஒரே திருவிருந்துப் பந்தியினர். 1991 டிசம்பரில் பெங்களூரில் தமிழர் தாக்கப்பட்டனர்; 2016 செப்டம்பரில் அங்குப் பேருந்துகள் எரிந்தன. அத்தகைய நாட்களில் இருகரைச் சபைகளும் தத்தம் மாநிலத்தின் குரலையே எதிரொலிக்குமாயின், மாநிலங்களுக்கு மேற்பட்ட சபை என நாம் நம்மை அழைத்துக்கொள்வதில் பொருளில்லை. நம் சினாடும் பேராயங்களும் எடுக்கும் முடிவுகளையும் இதே அளவுகோலால் அளந்து பார்ப்பது நன்று: பாதிக்கப்படுவோர் அங்கு அமர்ந்திருக்கின்றனரா? காரணம் அவர்களுக்குச் சொல்லப்படுகின்றதா?

காவிரித் திட்டத்தைக் கைவிடவேண்டும் என நாம் கூறவில்லை. பெருமுயற்சியால் பெற்ற அதனைக் காத்தல் வேண்டும். ஆனால் அதை முடிந்த முடிபாகக் கொள்ளாது மூன்று சேர்க்கைகளை வேண்டுவோம். இருகரை உழவரும் உழைப்பாளரும் அடங்கிய ஆலோசனைக் குழு அமைதல் வேண்டும். பற்றாக்குறை ஆண்டின் பங்கீட்டு விதி, மழை பொய்க்குமுன்னரே மக்கள் மொழிகளில் வெளிவருதல் வேண்டும். ஒவ்வோர் ஆணையோடும் அதன் காரணம் தமிழிலும் கன்னடத்திலும் மலையாளத்திலும் அறிவிக்கப்படுதல் வேண்டும்.

ஆடிப்பெருக்கன்று திருவரங்கத்து அம்மா மண்டபப் படித்துறையில் மக்கள் திரளாகக் கூடுகின்றனர். ஆறு வறண்ட ஆண்டுகளிலும் அவர்கள் வருகின்றனர். தங்கள் நீரின் அளவை முடிவு செய்தவர் யார், எதைக் கருதி முடிவு செய்தார் என்பதை அவர்களுள் ஒருவர் கேட்டால், விடைகூறக் கடமைப்பட்டவர் ஒருவர் இருத்தல் வேண்டும். அக்கடமையை எழுத்தில் ஏற்கும் நாளில்தான் ஆணையம் மக்களுடையதாகும்.