பூட்டிய பொறியும் ஏமாறும் நூலகமும்

உங்கள் வங்கிக் கணக்கும் மருத்துவமனைப் பதிவும் இன்று யாரோ ஒருவருடைய கணிப்பொறியில் வாடகைக்குக் குடியிருக்கக்கூடும். ஒரு பெரிய கணிப்பொறியை ஒரு மேற்பார்வை நிரல் பல பொறிகளாகப் பகுத்துக் காட்டுகிறது. ஒவ்வொரு குடித்தனக்காரரும் தமக்கென ஒரு முழுப் பொறி இருப்பதாகவே நினைத்துக்கொள்கிறார். இதுவே மெய்நிகர் பொறி. ஆனால் வீட்டுக்காரர், அதாவது அந்த மேற்பார்வை நிரல், எந்த அறைக்குள்ளும் எட்டிப் பார்க்கலாம்! இதைத் தடுக்க 2016-இல் ஏ.எம்.டி. நிறுவனம் ஒரு வழியை அறிவித்தது. ஒவ்வொரு மெய்நிகர் பொறியின் நினைவகத்தையும் செயலியே தனித்தனிச் சாவியால் மறையாக்கம் செய்துவிடும். 2020-இல் இன்டெல் நிறுவனமும் இத்தகைய ஏற்பாட்டை வெளியிட்டது.

பூட்டு நல்ல பூட்டுதான். அது போதுமா? இக்கேள்வியோடு படிக்கத்தக்க கட்டுரை ஒன்று 2013-லேயே வந்துவிட்டது. அமெரிக்கப் பல்கலைக்கழகங்களைச் சேர்ந்த ஸ்டீபன் செக்கோவே, ஹோவாவ் ஷாக்கம் இருவரும் எழுதிய 'இயாகோ தாக்குதல்கள்' அது. அன்று இந்தச் செயலிகள் இல்லை. ஒரு தனி நிரலை, அதை இயக்கும் கெர்னலிடமிருந்தே மறைத்து வைக்கும் 'ஓவர்ஷேடோ' (2008) போன்ற ஏற்பாடுகளையே அவர்கள் ஆராய்ந்தனர்.

கட்டுரையின் உயிர்நிலை நூலகக் கோப்புகளில் இருக்கிறது. மடக்கை தேவைப்படும்போது நாம் கணக்கிட்டுக்கொண்டிருப்பதில்லை. கிளார்க் அட்டவணையைப் புரட்டுகிறோம். அவ்வாறே நிரல்களும் அன்றாட வேலைகளை ஆயத்தமாக உள்ள நூலகக் கோப்புகளிடம் ஒப்படைக்கின்றன. ஒரு நிரலுக்குக் கூடுதல் நினைவகம் வேண்டுமென்று வைத்துக்கொள்வோம். அது சி மொழி நூலகத்தைக் கேட்கும்; நூலகம் கெர்னலைக் கேட்கும்; கெர்னல் ஓர் எண்ணைத் திருப்பித் தரும். 'இந்த முகவரியிலிருந்து எடுத்துக்கொள்' என்பது அதன் பொருள். நூலகம் அந்த எண்ணைச் சரிபார்ப்பதில்லை. அது எழுதப்பட்ட காலத்தில் கெர்னலே எசமானன். எசமானன் ஏன் பொய் சொல்லப் போகிறான்?

இப்போது கெர்னல் கெட்டது எனக் கொள்ளுங்கள். வேலை முடிந்ததும் எங்கே திரும்புவது என்ற குறிப்பை நிரல் தன் நினைவகத்திலேயே எழுதி வைத்திருக்கும். கெட்ட கெர்னல் அந்த இடத்தின் முகவரியையே 'காலியிடம்' என்று தருகிறது. நிரல் வெளியிலிருந்து வந்த தரவை அங்கே எழுதித் தன் குறிப்பைத் தானே அழித்துக்கொள்கிறது. தரவைத் தக்கபடி அமைத்துவிட்டால், நிரல் இனிக் கெர்னல் விரும்பிய வேலையைச் செய்யும். பூட்டிய நினைவகத்தைக் கெர்னல் தொடவே இல்லை. சில முழு எண்களைச் சொன்னது, அவ்வளவே. ஷேக்ஸ்பியரின் இயாகோவும் தன் கையால் டெஸ்டிமோனாவைக் கொல்லவில்லை. நம் கூனியும் இராமனைக் காட்டுக்குத் துரத்தவில்லை. சொல்லவேண்டியதைச் சொன்னார்கள். பெயர் மிகப் பொருத்தம்!

இயற்பியல் மாணவருக்கு இது புதிதன்று. ஜூல் தம் கலத்தை வெப்பம் புகாதபடி மூடினார். உள்ளே நீர் சூடேறியது. துடுப்பின் தண்டு வழியாக வேலை உட்புகுந்ததல்லவா? மறையாக்கம் என்பது கலத்தின் சுவர். நூலகம் கேட்கும் ஒவ்வொரு கேள்விக்கும் வெளியிலிருந்து வரும் விடையே அந்தத் தண்டு.

கட்டுரையிடம் எனக்குக் குறை உண்டு. நினைவக எடுத்துக்காட்டு அத்தனை கூர்மையாக இருப்பதாலேயே படிப்பவரைத் திசைதிருப்புகிறது. தன்னிடம் ஏற்கெனவே உள்ள பகுதிகளை நூலகம் குறித்து வைத்துக்கொண்டு, புதிய முகவரி அவற்றோடு மோதுகிறதா என்று பார்த்தால் போதுமே எனத் தோன்றிவிடும். போதவில்லை. இந்த ஆபத்தை அறிந்த பின்னர், இதற்கென்றே கட்டப்பட்ட எட்டுக் காப்பு நூலகத் தொகுதிகளை 2019-இல் லூவன், பர்மிங்காம் பல்கலைக்கழக ஆய்வாளர்களும் பிறரும் சோதித்தார்கள். வெளியிலிருந்து வருவதைச் சரியாக ஆராயாமல் ஏற்கும் பிழைகள் 35 கிடைத்தன.

மற்றொரு குறை: கேட்ட கேள்விக்கு வரும் பொய் விடையை மட்டுமே கட்டுரை எண்ணிப் பார்க்கிறது. கேளாமலே வரும் செய்தி? 2024-இல் சூரிச் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தார் இதைக் காட்டினர். காப்புள்ள மெய்நிகர் பொறிக்கு மேற்பார்வை நிரல் ஒரு போலிக் குறுக்கீட்டை, சரியான நொடியில், அனுப்புகிறது. உள்ளிருக்கும் கெர்னல் அதைத் தன் நிரலொன்றின் வேண்டுகோள் என நம்பிச் செயலியின் பதிவகத்தில் ஓர் எண்ணை மாற்றுகிறது. கடவுச்சொல் சோதனை, தவறான சொல்லையும் சரியென்று விடுகிறது! லினக்ஸில் அவ்வழி அடைக்கப்பட்டுவிட்டது. ஆயினும் 2013-இன் கட்டுரை வரைந்த எல்லைக்கு வெளியே ஒரு வாசல் திறந்திருந்தது என்பது உண்மை.

முழுமையான மருந்து எதையும் கட்டுரை தருவதில்லை. இதை நான் குறையாகக் கொள்ளவில்லை. நோயைக் கண்டதே பெரிது. பின்வந்தவர்கள் கேள்விகளைக் குறைக்க முயன்றார்கள். இயக்கத் தொகுதியின் பெரும்பகுதியையே நூலகமாக்கிப் பூட்டுக்குள் வைப்பது ஒரு வழி. முழு மெய்நிகர் பொறியையும் பூட்டுவது அதன் அடுத்த படி. அப்போது வெளியே கேட்கவேண்டியவை குறைகின்றன. உள்ளே நாம் நம்பவேண்டிய நிரலோ பன்மடங்கு பெருகுகிறது. விற்பனை விளம்பரங்கள் சாவியின் நீளத்தைச் சொல்கின்றன; இந்தக் கணக்கைச் சொல்வதில்லை.

சி மொழியில் சிறிது பழக்கமுள்ள மாணவர் இக்கட்டுரையைத் துணிந்து படிக்கலாம். நினைவகம் பற்றிய பகுதியைக் கையில் தாளும் பென்சிலும் வைத்துக்கொண்டு, முகவரிகளை வரிசையாக வரைந்து பார்த்துப் படியுங்கள்.