குறும்பலாவும் இரண்டு குரங்குகளும்

குற்றாலத்தைப் பற்றி யார் எழுதினாலும் திரிகூடராசப்பக் கவிராயரின் குரங்குகள் வந்துவிடும். ஆண் பழம் கொடுத்துப் பெண்ணைக் கொஞ்சும் அந்தக் காட்சி அவ்வளவு பிரபலம். அதற்கு ஏறக்குறைய ஆயிரம் வருடம் முந்தைய இன்னொரு குரங்குக் காட்சியை எங்க அச்சன்புதூர்ப் பக்கத்திலேயே பலர் கண்டுகொள்வதில்லை.

சம்பந்தர் குற்றாலத்துக்கு ஒரு பதிகம் பாடியது போக, அங்குள்ள தலமரத்தின் பேரிலேயே இன்னொன்று பாடியிருக்கிறார். இரண்டாம் திருமுறையில் 71ஆவது, திருக்குறும்பலாப் பதிகம். அதன் 2ஆம் பாட்டில் மந்திகள் கிளைகிளையாகப் பாய்ந்து, தாழக் காய்த்த பலாவைக் கிழித்துத் தின்கின்றன. அவை தின்று பிளந்துவிட்ட கொம்புப் பழத்தைக் கடுவன் தின்று துள்ளுகிறது. கொடுப்பதும் இல்லை, கொஞ்சலும் இல்லை.

இதை ‘இயற்கை வர்ணனை’ என்று சொல்லிக் கடந்துவிடுகிறோம். எனக்கோ கண்ணால் பார்த்து எழுதியதாகத்தான் படுகிறது. பலா அடிமரத்திலும் காய்க்கும், கொம்பிலும் காய்க்கும். நாட்டுக்குரங்குகளில் பெண்கள் தாய், மகள், சகோதரி என்று பிறந்த கூட்டத்திலேயே இருந்துவிடும். ஆண்கள் வளர்ந்ததும் பெரும்பாலும் வேறு கூட்டம் தேடிப் போய்விடும். ‘கிளை’ என்றால் உறவு என்றும் பொருள் உண்டே! உறவோடு வருவது மந்தி, தனியாக வருவது கடுவன். கணக்கு சரியாக இருக்கிறது. ஒரு குரங்கு தன் பழத்தை இன்னொன்றுக்குக் கொடுப்பதோ அபூர்வம்.

அதனால் கவிராயர் தப்பு என்று ஆகாது. அவர் பாட்டு குறத்தி வாயில் வருவது. கேட்பவள் காதலில் வாடும் வசந்தவல்லி. அவள் முன்னால் குரங்கும் காதலனாகத்தான் இருக்கணும். அதையே காட்டின் சாட்சியாக எடுத்துக்கொள்வதுதான் நம் கோளாறு.

சம்பந்தரும் முழுக்க அப்படியே பார்த்தவர் இல்லை. அவருடைய யானைகள் வேங்கைப் பூங்கொத்தை ஏந்தி வணங்குகின்றன, அது பக்தி. ஆனால் ஒரு மரத்தின் பேரில் பாட வந்தவர் வண்டு, மயில், யானை, மா, வாழை என்று மலைச்சாரல் முழுவதையும் சுற்றிவிட்டுத்தான் ஒவ்வொரு பாட்டிலும் குறும்பலாவுக்கு வருகிறார். அவருக்குத் தலமரம் என்பது அந்தச் சாரலும் சேர்ந்தது.

இன்றைக்கு அருவிக்கரைக் குரங்குகள் சிப்ஸ் பாக்கெட்டுக்குக் காத்திருக்கின்றன. மரத்தை மட்டும் கும்பிட்டுவிட்டுத் திரும்பினால் பதிகத்தில் பாதியைத்தான் படித்திருக்கிறோம்.